மரியன்தால்: உளவியல் ஆய்வு முறைகளின் வரலாற்றில் ஓர் ஊர்

நம் கழகத்தின் பத்தாம் ஆண்டு மலருக்குக் கட்டுரை ஒன்று தருமாறு மலர்க் குழுவினர் பணித்தபொழுது, சங்க இலக்கியத்திலிருந்தோ காப்பியங்களிலிருந்தோ ஒரு பொருளை நான் எடுத்துக்கொள்வேன் என்றே அவர்கள் எதிர்பார்த்திருப்பர். நான் எடுத்துக்கொண்டதோ உளவியல் ஆய்வு முறைகளின் வரலாறு. தமிழ் கற்பிக்கும் ஒருத்திக்கு இத்துறையில் என்ன வேலை என்று சிலர் வினவக்கூடும். நம் மாதக் கூட்டம் ஒன்றில் எழுந்த வழக்கே இதற்குக் காரணம். ஆலை மூடப்பட்ட ஊரைப் பற்றிய கவிதை ஒன்றை இளங்கவிஞர் ஒருவர் அன்று படித்தார். அக்கவிதையில் வேலையிழந்த மனிதர்கள் கொதித்தெழுந்தார்கள். கைதட்டல் ஓய்ந்ததும் மூத்த உறுப்பினர் ஒருவர் எழுந்து, "தம்பி, வேலையிழந்தவன் கொதித்தெழுவான் என்பதைப் பார்த்து எழுதினீர்களா, நினைத்து எழுதினீர்களா?" என்று கேட்டார். கவிஞனுக்குப் பார்க்க வேண்டிய கடமை உண்டா, நினைத்தால் போதாதா என்று அவை இரண்டுபட்டது. அன்று நான் வாய் திறக்கவில்லை. சொல்ல வேண்டியது இருந்தும் சொல்லவில்லை. அதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

அவ்வினாவை ஏறத்தாழ அதே சொற்களில் எழுப்பிக்கொண்டு, விடை காண ஓர் ஊருக்கே சென்றவர்கள் இருந்தார்கள். ஊர், ஆஸ்திரிய நாட்டின் மரியன்தால். ஆண்டு 1931. அவ்வூருக்குச் செல்லுமுன், அவர்கள் கையில் எடுத்துச் சென்ற கருவிகள் எவ்வாறு உருவாயின என்பதைச் சிறிது பார்த்தல் வேண்டும்.

உளவியலார் தம் ஆய்வு முறைகளை மூன்றாகப் பகுப்பர். உள்ளதை உள்ளவாறு கண்டு பதிவு செய்வது விவரிப்பு முறை. உற்றுநோக்கல், தனியாள் ஆய்வு, நேர்காணல், வினாநிரல் முதலியன இதன்பாற்படும். ஒன்று கூடும்போது மற்றொன்றும் கூடுகிறதா, குறைகிறதா என அளந்து பார்ப்பது ஒட்டுறவு முறை. ஒன்றை ஆய்வாளரே மாற்றிவிட்டு விளைவைக் காண்பது சோதனை முறை. 1879இல் வில்ஹெல்ம் வுண்ட் லைப்சிக் நகரில் ஆய்வுக்கூடம் நிறுவிய பின்னர், சோதனை முறையே உளவியலின் தலைமகன் என்ற மதிப்பைப் பெற்றது. ஏனைய இரண்டும் பந்தியில் இரண்டாம் வரிசையில் அமர்த்தப்பட்டன. ஆயினும் ஒரு மனிதனின் வேலையைப் பறித்துவிட்டு அவன் உள்ளம் என்னாகிறது என்று சோதனைக்கூடத்தில் பார்க்க முடியாது. துயரத்தை ஆராய்வோருக்குப் பெரும்பாலும் அந்த இரண்டாம் வரிசையே கதியாகிறது.

விவரிப்பு முறை எளியது போலத் தோன்றும், எளியதன்று. 1861இல் பாரிசில் போல் புரோக்கா என்னும் மருத்துவர், 'டான்' என்னும் ஓரசையைத் தவிர வேறெதுவும் பேசவியலாத நோயாளி ஒருவரைக் கண்டு, அவர் இறந்த பின் மூளையைத் திறந்து பார்த்து, பேச்சுக்கு இடப்பக்க முன்மூளையில் ஓர் இடம் உண்டென்று அறிவித்தார். ஒரே ஒரு மனிதனைப் பற்றிய விவரிப்பு அது. சார்லஸ் டார்வின் தம் முதல் மகன் 1839இல் பிறந்தது முதல் அக்குழந்தையின் சினம், அச்சம், சிரிப்பு ஆகியவற்றை நாட்குறிப்பாக எழுதி வந்தார். அது 1877இல்தான் கட்டுரையாக அச்சேறியது. நம் பிள்ளைத்தமிழ்ப் புலவர்கள் குழந்தையின் பருவங்களைப் பத்தாகப் பகுத்துப் பாடியவர்கள். டார்வினோ பகுப்பு எதுவும் கையில் இல்லாமல், என்று எது நிகழ்ந்ததோ அதை அன்று எழுதினார். இரண்டும் குழந்தையைப் பார்ப்பதுதான். பார்வையின் வரிசை வேறு.

ஒட்டுறவு முறைக்கோ பிறந்த ஊரும் உண்டு, பிறவிக் குற்றமும் உண்டு. அதன் தந்தை டார்வினின் உறவினரான பிரான்சிஸ் கால்டன். எதைக் கண்டாலும் எண்ணி அளக்கும் இயல்பினர் அவர். தொழுகையின் பயனைக்கூட 1872இல் எண்ணிப் பார்த்தார். மன்னர்கள் நீடு வாழ்க என்று நாடே வேண்டுகிறதே, அவர்கள் நீடு வாழ்கிறார்களா என்று வாழ்நாள் பட்டியல்களைப் புரட்டிய அவருக்கு, வசதி படைத்த பிற வகுப்பினரைக் காட்டிலும் அரச குடும்பத்தினரே குறைந்த வயதில் இறந்தனர் என்று தெரியவந்தது. இலண்டன் சவுத் கென்சிங்டனில் 1884இல் நடந்த உடல்நலப் பொருட்காட்சியில் அவர் ஓர் அளவைக் கூடம் அமைத்தார். மூன்று பென்னி கட்டணம் கொடுத்துவிட்டு மக்கள் வரிசையில் நின்று, உயரம், எடை, கைப்பிடி வலிமை, மூச்சின் கொள்ளளவு, பார்வைக் கூர்மை ஆகியவற்றை அளக்கக் கொடுத்தனர். அவ்வாறு அளக்கப்பட்டோர் 9,337 பேர். தம்மை அளப்பதற்குத் தாமே காசு கொடுத்த மக்களை நினைத்தால் இன்றும் வியப்பாகத்தான் இருக்கிறது.

அக்காலத்தே 205 குடும்பங்களில் வளர்ந்த 928 பிள்ளைகளின் உயரங்களைப் பெற்றோர் உயரங்களோடு ஒப்பிட்டார் கால்டன். மிக நெடியவர்களின் மக்கள் பெற்றோர் அளவுக்கு நெடியவர்களாக இல்லை. மிகக் குறியவர்களின் மக்கள் அவ்வளவு குறியவர்களாகவும் இல்லை. சராசரியை நோக்கி ஒரு திரும்புதல் இருந்தது. 1888 டிசம்பரில், உடல் உறுப்புகளின் அளவுகளுக்கு இடையேயுள்ள உறவை ஒற்றை எண்ணால் குறிக்கலாம் என்று அரச கழகத்தில் அறிவித்தார். முழங்கையிலிருந்து விரல்நுனி வரையுள்ள நீளத்திற்கும் ஆளின் உயரத்திற்கும் உள்ள உறவு 0.8 என்றார். முழம் போட்டு அளக்கும் நமக்கு இது புதிய செய்தியன்று என்று நகைக்கலாம். ஆனால் உறவின் நெருக்கத்திற்கு எண் ஒன்று உண்டு என்பது புதிது. அதனைத் துல்லியமான வாய்பாடாக 1896இல் வகுத்தவர் கார்ல் பியர்சன். முற்றும் ஒத்துச் சென்றால் +1, முற்றும் எதிர்மாறாய்ச் சென்றால் -1, நேர்கோட்டு உறவு ஏதுமில்லையேல் 0. பள்ளிப் பாடங்களில் மாணவர் பெற்ற தரங்கள் ஒன்றோடொன்று ஒட்டிச் செல்வதைக் கொண்டு பொதுநுண்ணறிவு என ஒன்று உண்டென்று 1904இல் ஸ்பியர்மன் வாதிட்டதும் இந்த எண்ணின் துணையால்தான்.

பிறவிக் குற்றம் என்றேனே, அதையும் சொல்லிவிடுகிறேன். மனித இனத்தை 'நல்விதை'யாகத் தேர்ந்து பெருக்க வேண்டும் என்னும் இனமேம்பாட்டுக் கொள்கைக்கு 1883இல் பெயர் சூட்டியவரும் இதே கால்டன்தான். அவர் விட்டுச் சென்ற பொருளால் இலண்டன் பல்கலைக்கழகக் கல்லூரியில் அமைந்த இனமேம்பாட்டுப் பேராசிரியர் பதவியை 1911இல் முதலில் ஏற்றவர் பியர்சன். போலந்திலிருந்தும் ரஷ்யாவிலிருந்தும் வந்து குடியேறிய யூதச் சிறார்களை அளந்து, அவர்கள் உள்நாட்டுச் சிறாரினும் தாழ்ந்தவர்கள் என்னும் முடிவை 1925இல் அவர் மற்றொருவருடன் சேர்ந்து வெளியிட்டார். அட்டவணைகளும் கெழுக்களும் பக்கம் பக்கமாக இருந்தன. அக்குழந்தைகள் குடியிருந்த தெருவின் வறுமைக்குப் போதிய இடம் இல்லை. அக்கல்லூரி 2020இல்தான் தன் கட்டடங்களிலிருந்து இவ்விருவர் பெயர்களையும் நீக்கியது.

பியர்சனிடம் பயின்ற உட்னி யூல் நேர்மையாளர். இங்கிலாந்தின் வறியோர் உதவியைப் பற்றி 1899இல் எழுதிய கட்டுரையில், 'இதனால் விளைந்தது' என்று தாம் எழுதியதையெல்லாம் 'இதனோடு சேர்ந்து நிகழ்ந்தது' என்றே கொள்ளுமாறு அடிக்குறிப்பிட்டார். அடிக்குறிப்புகளை நாம் படிப்பதில்லை. படித்திருந்தால் எத்தனையோ வீண் முடிவுகள் குறைந்திருக்கும். 1926இல் அவரே ஒரு வேடிக்கை காட்டினார். 1866 முதல் 1911 வரை இங்கிலாந்தில் நடந்த திருமணங்களுள் திருச்சபையில் நடந்தவற்றின் விகிதமும், நாட்டின் இறப்பு விகிதமும் 0.95 அளவுக்கு ஒட்டுறவு கொண்டிருந்தன. திருச்சபைத் திருமணம் ஆளைக் கொல்லும் என்று எவரும் சொல்லார். காலம் செல்லச் செல்ல இரண்டும் குறைந்து வந்தன, அவ்வளவே.

இனி மரியன்தாலுக்குச் செல்வோம்.

வியன்னாவுக்குத் தென்கிழக்கே கிராமட்நாய்சீடல் என்னும் சிற்றூரை ஒட்டியது மரியன்தால். 1830இல் அங்கே நூற்பாலை ஒன்று தொடங்கப்பட்டது. ஆலைக்காகவே குடியிருப்பு எழுந்தது. நூறாண்டுக் காலம் அவ்வூரில் பிறந்தவர் ஆலைக்குப் போவதும், ஆலைக்குப் போனவர் அவ்வூரிலேயே மணப்பதும் வழக்கம். நாடகக் குழுவும் நூலகமும் பூங்காவும் அங்கிருந்தன. 1929 கோடையில் ஆலையின் பகுதிகள் ஒவ்வொன்றாக மூடப்பட்டன. 1930 பெப்ரவரியில் தறிகளும் நின்றன. பின்னர்க் கட்டடங்களையே இடிக்கத் தொடங்கினர். ஊரில் 478 குடும்பங்கள், 1,486 மக்கள். அவற்றுள் ஏறத்தாழ முக்கால் பங்குக் குடும்பங்கள் வேலையின்மை உதவித்தொகையை நம்பியே வாழவேண்டிய நிலை.

இவ்வூருக்கு வந்தவர்கள் வியன்னாவில் 1931இல் தொடங்கப்பட்ட பொருளியல் உளவியல் ஆய்வு நிலையத்தினர். பால் லாசர்ஸ்பெல்ட் நிலையத்தை நிறுவியவர், கணிதம் பயின்றவர். மாரி யஹோடா அம்மையாருக்கு அப்போது வயது 24. ஹான்ஸ் ஜைசல் சட்டம் பயின்றவர். இவர்கள் முதலில் தொழிலாளரின் ஓய்வுநேரத்தை ஆராயவே எண்ணியிருந்தனர். நாடே வேலையின்றித் தவிக்கையில் ஓய்வை ஆராய்வதா என்று சமூக மக்களாட்சிக் கட்சித் தலைவர் ஓட்டோ பவர் கடிந்துகொண்டதால் பொருள் மாறியது என்று லாசர்ஸ்பெல்ட் பிற்காலத்தில் நினைவுகூர்ந்துள்ளார். கடிந்துகொள்ளும் பெரியவர்கள் ஆய்வுலகுக்கும் தேவைதான்.

அவர்கள் வகுத்துக்கொண்ட முதல் விதி எனக்கு மிகவும் பிடித்தது. வெறும் பார்வையாளராக எவரும் ஊருக்குள் நுழையக்கூடாது; ஒவ்வொருவரும் ஊருக்குப் பயன்படும் ஒரு வேலையோடுதான் செல்ல வேண்டும். அவ்வாறே வியன்னாவில் பழைய துணிகளைத் திரட்டிக் கொண்டுபோய் வழங்கினர். மருத்துவர் இலவசமாக நோயாளரைப் பார்த்தார். பெண்களுக்குத் துணி வெட்டித் தைக்கும் வகுப்பும், சிறுமியர்க்கு உடற்பயிற்சி வகுப்பும் நடந்தன. துணி வழங்குமுன் எந்த வீட்டிற்கு எது தேவை என அறிய நூறு வீடுகளுக்குச் சென்றபொழுது, மக்கள் தாமே தம் கதையைச் சொன்னார்கள். வினாநிரலை நீட்டிக்கொண்டு வாசலில் நின்றிருந்தால் சொல்லியிருக்க மாட்டார்கள். லோட்டே டான்ட்சிங்கர் என்னும் ஆய்வாளர் பல வாரங்கள் அவ்வூரிலேயே தங்கினார். இறுதியில் சேர்ந்த தாள்களின் எடை ஏறத்தாழ முப்பது கிலோ என்பர்.

என்னென்ன சேர்த்தனர் என்று பார்த்தால், ஒரு நாவலாசிரியனின் குறிப்பேடு போலவே இருக்கிறது. குடும்பங்களின் வரவுசெலவு, ஒரு வார உணவு, நூலகக் கணக்கு, செய்தித்தாள் சந்தா, பள்ளிக் கட்டுரைகள், வாழ்க்கை வரலாறுகள், ஊரார் ஒருவரைப் பற்றி மற்றவர் அதிகாரிகளுக்கு எழுதிய மொட்டைக் கடிதங்கள். உதவித்தொகை பெறுவோர் வேறு வருவாய் ஈட்டக்கூடாது என்பது சட்டம். விறகுக்காக மரம் வெட்டியவரும், தெருவில் வாய்இசைக்கருவி வாசித்துச் சில்லறை பெற்றவரும்கூடத் தொகையை இழந்தனர். ஆலை மூடிய பின் மொட்டைக் கடிதங்கள் பெருகின. அவற்றுள் பெரும்பாலானவை பொய். ஆயினும் இதே ஊரில், பக்கத்து வீட்டுக் குழந்தைக்குத் தம் வீட்டில் உணவிட்டவர்களும் இருந்தனர். இரண்டையும் அருகருகே எழுதி வைத்தனர் ஆய்வாளர். ஒன்றைக் கொண்டு மற்றொன்றை மறைக்கவில்லை.

நூலகக் கணக்கு நம்மைப் போன்றோரை நேரே தைப்பது. வேலை இருந்தபோது நூல் எடுக்கக் கட்டணம் இருந்தது. வேலை போன பின் கட்டணத்தை நீக்கினர். படிக்க நேரம் ஏராளம், செலவோ இல்லை. நூல் வாங்குவோர் கூட்டம் அலைமோதியிருக்க வேண்டும். 1929க்கும் 1931க்கும் இடையே எடுக்கப்பட்ட நூல்களின் எண்ணிக்கை ஏறத்தாழப் பாதியாகக் குறைந்தது. அரசியல் ஆழம் மிக்க கட்சி நாளேட்டின் சந்தாக்கள், வேலையற்றோர்க்குச் சலுகை விலை இருந்தும், பாதிக்கும் கீழே சரிந்தன. கேளிக்கை மிகுந்த சிறிய நாளேடு அவ்வளவு சரியவில்லை. பூங்காவைப் பேண ஊரில் எல்லாருக்கும் நேரம் இருந்தது. பூங்காவோ புதர் மண்டிக் கிடந்தது.

அடுத்தது தெரு. முதன்மைத் தெருவில் ஒருவர் கண்ணில் படாதவாறு நின்று, கையில் கடிகாரத்தோடு நடப்போரின் வேகத்தைக் குறித்தனர். கணக்கிடப்பட்டோர் ஐம்பதின்மர், ஆடவர் 33, மகளிர் 17. ஆடவருள் 18 பேர் மணிக்கு 3 கிலோமீட்டர் வேகத்திலேயே நடந்தனர். மகளிருள் 10 பேர் மணிக்கு 5 கிலோமீட்டர் வேகத்தில் விரைந்தனர். வழியில் எத்தனை முறை நின்றனர் என்பதையும் எண்ணினர். ஆடவருள் பெரும்பாலோர் இருமுறையேனும் நின்றனர். பெண்டிருள் அவ்வாறு நின்றோர் மிகச் சிலரே. நூறு ஆடவரைப் பார்த்ததில் 88 பேர் கடிகாரம் அணிந்திருக்கவில்லை. அவர்களிலும் 31 பேருக்கு வீட்டில் கடிகாரம் இருந்தது. நாளில் என்ன செய்தீர்கள் என்று மணிவாரியாக எழுதித் தரச் சொன்னால், ஆடவரால் மூன்று நான்கு செயல்களுக்கு மேல் எழுத முடியவில்லை. எழுந்தது, உண்டது, உறங்கியது என்பவற்றுக்கு இடையே மணிகள் எங்கோ போய்விட்டன. வீட்டு வேலை குறையாத மனைவியர், வேலையே இல்லாத கணவர் நண்பகல் உணவுக்கு நேரத்தில் வருவதில்லை என்று குறைப்பட்டனர்.

இவ்விடத்தில் என்னைப் பற்றிச் சில வரிகள் எழுத மலர்க் குழுவினர் பொறுத்தருள வேண்டும். என் தந்தையார் நூற்பாலை ஒன்றில் ரிங் பிரேம் பகுதியில் வேலை பார்த்தவர். ஆலையின் பெயர் இங்கு வேண்டா. நான் ஒன்பதாம் வகுப்புப் படிக்கையில் அது மூடப்பட்டது. சங்கு ஊதுவதற்கு முன்பே கிளம்பிச் சைக்கிளில் பறந்தவர், அதன் பின் தேநீர்க் கடைக்கு நடந்தே போவார். நூறு அடிக்கு ஒருமுறை நிற்பார். எதையும் பார்க்க மாட்டார், நிற்பார். அம்மா ஒவ்வொரு நாளும், "வேலைதான் இல்லையே, நேரத்துக்குச் சாப்பிட வரப்படாதா?" என்பார். சோம்பல் மிகுந்துவிட்டது என்று நானும் மனத்துள் எண்ணினேன். பள்ளித் தோழியரோடு வரும்பொழுது அவர் எதிரே நின்றுகொண்டிருந்தால் தலையைக் குனிந்துகொண்டு கடந்து போயிருக்கிறேன். முனைவர் பட்ட ஆய்வுக்காக ஆலைத் தொழிலாளர் பற்றிய நூல்களைத் தேடியபொழுதுதான், மரியன்தால் ஆய்வின் ஆங்கில மொழிபெயர்ப்பு ஒரு நூலகத்தில் கைக்கு வந்தது. நடைவேக அட்டவணை இருந்த பக்கத்தை விட்டு நெடுநேரம் நான் நகரவில்லை. தந்தையார் மறைந்து அப்போது நான்காண்டுகள் ஆகியிருந்தன.

கவிஞர்களாகிய உங்களுக்கென்றே நான் எடுத்து வைத்திருப்பது குழந்தைகளின் கட்டுரைகள். கிறித்துமசுக்கு என்ன வேண்டும் என்று மரியன்தால் பள்ளியிலும் அண்டை ஊர்ப் பள்ளிகளிலும் எழுதச் சொன்னார்கள். கேட்ட பொருள்களுக்கெல்லாம் விலை போட்டுப் பார்த்ததில், அண்டை ஊர்க் குழந்தையின் ஆசை சராசரி 36 ஷில்லிங். மரியன்தால் குழந்தையின் ஆசை 12 ஷில்லிங். இது எண். இதற்கு மேலும் ஒன்றை அவர்கள் கண்டார்கள். மரியன்தால் குழந்தைகளில் பலர் 'எனக்கு இது வேண்டும்' என்று எழுதவில்லை. பெற்றோரிடம் பணம் இருந்திருந்தால் இன்னது கேட்டிருப்பேன் என்னும் பாங்கில், நிகழாததைக் குறிக்கும் வினைவடிவிலேயே எழுதியிருந்தனர். ஜெர்மன் மொழியில் அதற்குத் தனி வினைவடிவம் உண்டு. நம் இலக்கணத்தில் 'செயின்' என்னும் வாய்பாட்டு எச்சமும், 'இருந்திருந்தால்' என்னும் இன்றைய வழக்கும் அப்பணியைச் செய்கின்றன. எட்டு வயதுக் குழந்தையின் ஆசை எச்சமாகி நிற்பதை ஓர் ஆய்வாளர் குழு கவனித்திருக்கிறது. இலக்கணம் கற்பிக்கும் நான், என் மாணவர் கட்டுரைகளில் எச்சப் பிழையைத் திருத்தியிருக்கிறேனே தவிர, எச்சம் ஏன் வந்தது என்று பார்த்ததில்லை.

விவரித்ததோடு அவர்கள் நிற்கவில்லை. சென்று கண்ட நூறு குடும்பங்களை மனப்பாங்கு நோக்கி நான்காக வகுத்தனர். எதிர்காலத் திட்டமும் முயற்சியும் குன்றாத மனம் தளராதோர் 16. திட்டமும் எதிர்பார்ப்பும் கைவிட்டு, ஆயின் வீட்டையும் பிள்ளைகளையும் ஒழுங்காகப் பேணி அமைந்துபோனோர் 48. வீட்டைப் பேணினும் உள்ளே கசந்து நம்பிக்கை இழந்தோர் 11. வீடும் பிள்ளையும் கவனிப்பாரற்றுக் கிடக்க மரத்துப்போனோர் 25. துணி வழங்கும் பொருட்டு மிக வறிய வீடுகளுக்கே சென்றதால் இக்கணக்கு முழு ஊரையும் காட்டாது என்று அவர்களே ஒப்புக்கொண்டு, ஊர் முழுமைக்கும் மனம் தளராதோர் 23, அமைந்துபோனோர் 69, உடைந்துபோனோர் 8 விழுக்காடு என்று மதிப்பிட்டனர். தம் கணக்கின் ஓட்டையைத் தாமே காட்டும் ஆய்வாளரை நம்பலாம்.

பின்னர் அந்நான்கு வகையினரின் வருவாயைப் பார்த்தனர். பெரியவர், சிறியவர் வேறுபாட்டைக் கணக்கில் கொண்டு, ஆள் ஒருவருக்கு ஒரு திங்களுக்கு வந்த தொகை வரிசையாக 34, 30, 25, 19 ஷில்லிங். படிக்கட்டுப் போல இறங்கும் இவ்வரிசை ஓர் ஒட்டுறவு. நான்கைந்து ஷில்லிங் குறைந்தால் மனிதனின் உள்ளம் ஒரு படி இறங்குகிறது என்று இதைப் படிக்கத் தோன்றும். யூலின் அடிக்குறிப்பை இங்கேதான் நினைக்க வேண்டும். வருவாய் குன்றியதால் மனம் மரத்ததா, மரத்த மனம் வருவாய் தேடாமல் விட்டதா, அல்லது நோய், குடி, பிள்ளைகளின் எண்ணிக்கை என்று மூன்றாவது ஒன்று இரண்டையும் இழுத்ததா என்பதை இந்நான்கு எண்கள் மட்டும் சொல்லமாட்டா. உதவித்தொகை காலப்போக்கில் சட்டப்படியே குறைந்து வந்ததும், தனி மனிதர்களின் வாழ்க்கை வரலாறுகளும் கையில் இருந்தமையால்தான், இறக்கம் எத்திசையில் நிகழ்ந்தது என்று ஓரளவு துணிந்து பேச அவர்களால் இயன்றது. அப்போதும் ஒரே அளவு இழந்தோர் ஒரே வகையில் ஆகிவிடவில்லை. முன்பு மிக நன்றாக வாழ்ந்தவருள் சிலர் நெடுநாள் தாங்கினர். சிலர் முதலிலேயே முறிந்தனர்.

அக்காலத்தில் இடதுசாரிகளின் எதிர்பார்ப்பு, பசித்த மக்கள் புரட்சிக்கு எழுவர் என்பது. ஆய்வாளர்களும் அவ்வணியைச் சேர்ந்தவர்களே. மரியன்தாலில் அவர்கள் கண்டதோ சோர்ந்துபோன ஒரு சமுதாயம். கொதிப்பு இல்லை, கேட்பது குறைந்திருந்தது. தாம் விரும்பாத உண்மையை அவர்கள் மறைக்காமல் எழுதினார்கள். நம் கூட்டத்தில் மூத்தவர் கேட்ட வினாவுக்கு நான் சொல்ல எண்ணிய விடை இதுவே. இளங்கவிஞரின் சினம் பொய் என்று நான் சொல்லவில்லை. அச்சினம் அவருடையது, அவர் பாடிய மனிதர்களுடையது அன்று.

நூலின் பெரும்பகுதியை எழுதியவர் யஹோடா அம்மையார். மரியன்தாலின் வேலையற்றோர் என்னும் பெயரில் 1933இல் அது லைப்சிக்கில் வெளிவந்தது. அவ்வாண்டு ஜெர்மனியில் ஆட்சி மாறிவிட்டது. ஆசிரியர்கள் யூதக் குடும்பத்தினர் ஆதலால் முகப்பில் அவர்கள் பெயர் இல்லை. நிலையத்தின் பெயர் மட்டுமே இருந்தது. விரைவில் நூல் தடை செய்யப்பட்டுப் படிகள் எரிக்கப்பட்டன. லாசர்ஸ்பெல்ட் 1933இல் அமெரிக்கா சென்றார். ஜைசல் 1938இல் சென்றார். ஆஸ்திரியாவின் சர்வாதிகார அரசு யஹோடாவை 1936இல் சிறையிட்டு, நாட்டைவிட்டு நீங்க வேண்டும் என்னும் ஏற்பாட்டில் 1937இல் விடுதலை செய்தது. பியர்சன் அளந்த குழந்தைகளும் இவர்களும் ஒரே இனத்தவர் என்பது எனக்கு அடிக்கடி நினைவுக்கு வரும். ஆங்கில மொழிபெயர்ப்பு 1971இல்தான் வந்தது. 1982இல் யஹோடா வேறொரு நூல் எழுதினார். வேலை கூலியை மட்டும் தருவதில்லை. நாளுக்கு ஒரு கால ஒழுங்கு, வீட்டுக்கு வெளியே மனிதத் தொடர்பு, பலரோடு கூடிய குறிக்கோள், சமூகத்தில் ஓர் அடையாளம், இடையறாச் செயல் ஆகிய ஐந்தையும் அது தருகிறது என்று அதில் விளக்கினார். தெருவில் கடிகாரத்தோடு நின்றதன் விளைவு ஐம்பதாண்டு கழிந்து கோட்பாடாயிற்று. 2001இல் 94 வயதில் அவர் மறைந்தார்.

சோதனை முறையும் இறுதியில் அவ்வூருக்கு வந்து சேர்ந்தது. 2020 அக்டோபரில் ஆஸ்திரிய வேலைவாய்ப்புத் துறை, நெடுநாள் வேலையற்றிருந்த கிராமட்நாய்சீடல் மக்கள் எல்லாருக்கும் ஊதியத்தோடு கூடிய வேலைக்கு உறுதி அளித்தது. ஆக்ஸ்போர்டைச் சேர்ந்த பொருளியலார் அவர்களைக் குலுக்கல் முறையில் இரு குழுவாகப் பிரித்தனர். ஒரு குழு உடனே வேலையில் சேர, மற்றது சில திங்கள் காத்திருந்து 2021 தொடக்கத்தில் சேர்ந்தது. முன்னவரின் வருவாயும், மனநலமும், நாளின் ஒழுங்கும், பிறரோடு கலந்து வாழும் நிலையும் மேம்பட்டிருந்தன. உடல்நலத்தில் குறிப்பிடத்தக்க மாற்றம் காணப்படவில்லை. 1931இல் கேட்கவியலாத 'எதனால்' என்னும் கேள்வியை, வேலையைப் பறிக்காமல் வேலையைக் கொடுத்துக் கேட்டார்கள். காத்திருந்த குழுவினரின் அந்தச் சில திங்களை எவரேனும் நாட்குறிப்பாக எழுதினார்களா என்பதுதான் என் ஐயம். அட்டவணையில் அவர்கள் ஒப்பீட்டுக் குழு.

மரியன்தால் நூலை இளங்கவிஞரிடம் சித்திரையில் கொடுத்தேன். இரண்டு முறை கேட்டும் இன்னும் திருப்பித் தரவில்லை. அவர் ஊர்ப் பஞ்சாலைத் தெருவில் மாலை வேளைகளில் குறிப்பேட்டோடு காணப்படுவதாகக் கழகச் செயலாளர் சொன்னார்.